புகை விடும் தையல் மெஷின்

தாராவியில் எங்களுக்குத் தேர்தல் என்பது முதலில் ஒரு சீசன். ஓட்டெல்லாம் அதற்கு அப்புறம்தான். தீபாவளிக்கு முன்னால் நைட்டி, பள்ளிக்கூடம் திறக்கும் முன்னால் யூனிஃபார்ம், தேர்தலுக்கு முன்னால் கொடி. எந்தக் கட்சி என்று நாங்கள் பார்ப்பதில்லை. காலையில் ஒரு கட்சிக்கு வெட்டிய அதே மேஜையில் மத்தியானம் எதிர்க்கட்சிக்கு வெட்டுவோம். இரண்டு பக்கத்து ஆட்களும் ஒரே நேரத்தில் மால் எடுக்க வந்துவிட்டால் ஆளுக்கு அரை கிளாஸ் கட்டிங் சாய் சொல்லி ஒரே பெஞ்சில் உட்கார வைப்பேன். வெளியே மைக்கில் ஒருவரை ஒருவர் கிழிப்பவர்கள், என் பட்டறையில் மின்விசிறி யார் பக்கம் திரும்பவில்லை என்பதைத் தவிர வேறெதற்கும் சண்டை போட்டதில்லை.

ஐந்து மெஷின் போட்ட பட்டறை என்னுடையது. ஆறாவது மெஷின் என் மனைவி. இப்படிச் சொன்னால் அவளுக்குக் கோபம் வரும்; ஆனால் மற்ற ஐந்தும் ஒரு நாள் இல்லாவிட்டால் ஒரு நாள் பழுதாகும், இவள் ஆனதில்லை.

அவள் அந்தமான்காரி. கப்பலடியில் வேலை கிடைக்கும் என்று திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து போன குடும்பம். எங்களுக்குத் தூரத்துச் சொந்தம். போர்ட் பிளேரில் பிறந்தவள் என்று எல்லாரும் நினைத்துக்கொள்வார்கள். இல்லை. அவள் தீவின் பெயரைச் சொன்னால் அந்தமான்காரர்களே 'அது எந்தப் பக்கம்?' என்று கேட்பார்கள். ஒரு பள்ளிக்கூடம், ஒரு கோயில், ஒரு சர்ச், தென்னை மரங்கள், நானூறுக்கும் குறைவான ஓட்டு. அவ்வளவுதான் ஊர். அங்கே உள்ள தீவுகள் எல்லாவற்றுக்கும் சேர்த்து ஒரே ஒரு எம்.பி. கல்யாணமாகி இங்கே வந்ததும் அவள் ஓட்டும் தாராவிக்கு வந்துவிட்டது. சாமான் செட்டோடு ஓட்டையும் தூக்கிக்கொண்டு வந்தேன் என்பாள்.

போன பொதுத் தேர்தலுக்குக் கொஞ்சம் முன்னால் ஒரு நாள் அவளுடைய அண்ணன் எனக்குப் போன் செய்தார்.

"மாப்ள, நான் எலெக்‌ஷன்ல நிக்கேன்."

"பஞ்சாயத்துக்கா மச்சான்?"

"எம்.பி.க்கு."

குடித்திருக்கிறாரோ என்று நினைத்தேன். ஆனால் அவருக்கு அந்தப் பழக்கம் கிடையாது. நிதானத்துக்கு இன்னொரு பெயர் என் மச்சான். ஊரில் ஒரு மளிகைக் கடையும், 'டுங்கி' என்று அங்கே சொல்லும் ஒரு சின்னப் படகும் வைத்திருக்கிறார். ஒரு கிலோ சீனியை இரண்டு தடவை நிறுப்பார். படகைக் கட்டினால் முடிச்சை மூன்று தடவை இழுத்துப் பார்ப்பார். மூக்குக் கண்ணாடியைத் துடைக்காமல் பத்து ரூபாய் நோட்டைக்கூட வாங்கமாட்டார். அப்படிப்பட்ட மனிதர் எம்.பி. ஆகப் போகிறேன் என்றால் எப்படி நம்புவது?

"ஆகப் போறேன்னு யார் சொன்னா? நிக்கேன்னுதான் சொன்னேன்" என்றார். பிறகு விஷயத்தைச் சொன்னார்.

சில வருஷங்களுக்கு முன் அடித்த புயலில் அவர்கள் ஊரில் படகு அணையும் ஜெட்டி பாதி உடைந்துபோயிற்று. அன்றிலிருந்து அரசாங்கப் படகு கரைக்கு வருவதில்லை. கொஞ்சம் தள்ளியே நின்றுவிடும். சனங்கள் டுங்கியில் போய், ஆடும் படகிலிருந்து ஆடும் படகுக்குத் தாவ வேண்டும். ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டிய என் மாமியாரை பிளாஸ்டிக் நாற்காலியோடு சேர்த்துக் கயிறு கட்டி இறக்கினார்கள். இறங்கியதும் அவர், "சப்பரத்துல போன மாதிரி இருந்திச்சு" என்றாராம். மாமியாருக்கு எதிலும் ஒரு சந்தோஷம். மச்சானுக்கு அன்றைக்குத் தூக்கம் போயிற்று. மனு கொடுத்தார், போய்ப் பார்த்தார், மறுபடி மனு கொடுத்தார். ஓட்டுக் கேட்கிறவர்களும் அந்தத் தீவுக்கு வருவதில்லை. நானூறு ஓட்டுக்காக டுங்கியில் தாவி இடுப்பை உடைத்துக்கொள்ள யாருக்கு ஆசை?

"எனக்கு எம்.பி. ஆகணும்னு ஆசை இல்ல மாப்ள. எங்க ஊர்ப் பூத்துல நான் முதல்ல வரணும். அது போதும். பெரிய பெரிய கட்சியெல்லாம் கீழ, நான் மேல. அப்பதான் ஜெயிச்சவன், 'எவம்ல இது, எந்த ஊரு'ன்னு கேப்பான். எங்க ஊர் பேரை அவன் ஒரு தடவ வாயால சொல்லணும்."

இதைக் கேட்டுக்கொண்டிருந்த என் மனைவி போனைப் பிடுங்கினாள். "கொடி நான் தைக்கேன்" என்றாள். அவர் கொடி கேட்கவே இல்லை. "ஊர்ல உள்ள கட்சிக்கெல்லாம் தைச்சாச்சு. எங்கண்ணனுக்குத் தைக்க மாட்டேனா? அங்க ஓட்டுத்தான் போட முடியாது. ஊசி நூலு இருக்குல்லா" என்றாள். அன்றைக்கு அவள் முகத்தைப் பார்க்க எனக்கே சந்தோஷமாக இருந்தது.

இங்கேதான் ஒரு சிக்கல். எங்கள் தொழிலில் சின்னம் என்பது மாறாத ஒன்று. கட்சிகளுக்கு எப்போதும் ஒரே சின்னம். பொங்கல் முடிந்ததுமே தைத்து மூட்டை கட்டி வைத்துவிடலாம். இத்தனை வருஷத்தில் சுயேச்சை ஒருவருக்கு நாங்கள் கொடி தைத்ததே இல்லை. சுயேச்சைக்கு மூன்று சின்னங்களை வரிசையாக எழுதிக் கொடுக்கச் சொல்வார்கள். வேட்பாளர்கள் வாபஸ் வாங்கும் கெடு முடிந்த பிறகுதான் எது என்று ஒதுக்குவார்கள். ஒரே சின்னத்தை இரண்டு பேர் கேட்டிருந்தால் சீட்டுக் குலுக்கல். அதற்கப்புறம் ஓட்டுப்பதிவுக்கு அதிக நாள் இருக்காது.

மச்சான் முதலாவதாகக் கேட்டது கப்பல். ஜெட்டி கேட்கிறவர் வேறு எதைக் கேட்பார்? இரண்டாவது டார்ச் லைட். மூன்றாவது தையல் மெஷின். "அது எதுக்கு மச்சான்?" என்றேன். "மூணு எழுதணும்னான். தங்கச்சி நெனப்பு வந்திச்சு, எழுதிட்டேன்" என்றார்.

சின்னம் கிடைத்த பிறகு வெட்டலாம் என்பது என் கட்சி. "இங்கேருந்து ரயில்ல மெட்ராஸ் போகணும். அங்கேருந்து கப்பல். கப்பல் நெனச்ச நேரம் கெளம்புமா? போர்ட் பிளேர்லேருந்து மறுபடி படகு. நீங்க வெட்டி முடிக்கயில எங்கண்ணன் தோத்து வீட்ல படுத்திருப்பான்" என்பது அவள் கட்சி. கப்பல் சின்னத்தை வேறு யார் கேட்கப் போகிறார்கள் என்று மச்சானும் சொன்னார். இரண்டுக்கு ஒன்று, என் கட்சிக்கு டெபாசிட் போயிற்று.

வெள்ளைத் துணி, நீலக் கப்பல். பக்கத்துச் சந்தில் ஸ்கிரீன் பிரிண்ட் அடிக்கும் மராத்திக்காரர், எங்களுக்கு வேண்டியவர், மேலே புகைபோக்கியும் அதிலிருந்து மூன்று சுருள் புகையும் வைத்து அழகாக வரைந்து கொடுத்தார். "மஸ்த் ஜஹாஜ்", அருமையான கப்பல், என்று அவரே ரசித்துக்கொண்டார். டுங்கிகளில் கட்டப் பெரிது, கையில் பிடிக்கச் சிறிது. ஸ்கிரீன் ஒன்றுதான், இரண்டிலும் கப்பல் ஒரே அளவு. மற்ற ஆர்டர்களைத் தள்ளி வைத்துவிட்டு அவள் தைத்தாள். ஒரு கட்சிக்காரர் வந்து கத்திவிட்டுப் போனார். "கத்தட்டும். அவனுக்கு ஊரெல்லாம் கொடி இருக்கு" என்றாள்.

மூட்டை போய்ச் சேர்ந்தது. அதுவும் கப்பலிலேயே போயிற்று என்று அவளுக்கு ஒரே பெருமை. ஜெட்டி இல்லாத கரையில் டுங்கியிலிருந்து மூட்டையை இறக்கிய அன்றே என் மாமியார் அதை அவிழ்த்து, வீட்டுக்கு வீடு கொடுத்துவிட்டார். மச்சான் போர்ட் பிளேரில் இருந்தார். திரும்பி வந்தபோது ஊர் முழுக்கக் கப்பல் பறந்தது. கூரையில் கப்பல், டுங்கியில் கப்பல், கோழிக் கூண்டில்கூடக் கப்பல். வாட்ஸ்அப்பில் படம் வந்தது. பட்டறையில் எல்லாருக்கும் காட்டினாள், சாய் கொண்டுவந்தவர் உட்பட.

பிறகு சின்னம் ஒதுக்கும் நாள் வந்தது.

போனை நான்தான் எடுத்தேன். "மாப்ள, தங்கச்சி பக்கத்துல இருக்காளா?" என்று மெதுவாகக் கேட்டார். அந்த மெதுவிலேயே எனக்குப் புரிந்துவிட்டது. கப்பலை இன்னொரு சுயேச்சையும் கேட்டிருக்கிறார். போர்ட் பிளேர்க்காரர், இவர்கள் தீவை மேப்பில்கூடப் பார்த்திருக்க மாட்டார். சீட்டுக் குலுக்கியதில் கப்பல் அவருக்குப் போயிற்று. டார்ச் லைட் வேறொருவருக்கு. மச்சானுக்குத் தையல் மெஷின்.

என் மனைவி கட்டிங் மேஜை மேல் அப்படியே உட்கார்ந்துவிட்டாள். மேஜை மேல் யாராவது உட்கார்ந்தால் எரிந்து விழுகிறவள் அவள்.

"எங்கண்ணனைத் தோக்கடிக்க நானே கொடி தைச்சு அனுப்பிட்டேனே" என்றாள்.

மச்சானுக்குத் தன் கவலை. "ஒரு மாசமா கப்பல் கப்பல்னு நானே வாய் ஓயாமச் சொல்லிட்டேன் மாப்ள. ஊரும் அதையே சொல்லுது. கண்ணு தெரியாத பெருசுக எல்லாம் உள்ள போயி கப்பலைத்தான் அமுக்கும். இப்ப போயி அது இல்ல, இதுன்னா ஏறுமா?" அவருக்கு இருந்த ஒரே ஆசை, தன் ஊர்ப் பூத்தில் முதலில் வருவது. அந்தப் பூத்து முழுக்க இப்போது அடுத்தவருடைய கொடி.

கொடிகளைக் கழற்றி எரித்துவிடச் சொன்னேன். நல்ல யோசனை என்றுதான் நினைத்தேன். அவள் என்னைப் பார்த்த பார்வையில் நான் எழுந்து வெளியே போய் ஒரு சாய் குடித்துவிட்டு வந்தேன். திரும்பி வந்தபோது சாக்குக் கட்டியால் மேஜையில் சதுரம் போட்டுக்கொண்டிருந்தாள்.

"கப்பலை மறைக்க எவ்வளவு துணி வேணும்?" என்றாள்.

பேட்ச். அதுதான் அவள் கண்டுபிடித்தது. ஒரு சதுரத் துணி, அதில் சிவப்பில் தையல் மெஷின். அங்கே இருக்கிறவர்கள் கப்பல் மேல் வைத்துச் சுற்றி ஒரு தையல் ஓட்டினால் போதும். புதுக் கொடி மூட்டை மூட்டையாக வேண்டாம். பேட்ச் ஒரு பைக்குள் அடங்கும். விமானத்தில் யாராவது கொண்டுபோகலாம். ஆனால் அளவு? மாதிரிக்கு என்று ஒரு கொடியைக்கூட நாங்கள் வைத்துக்கொள்ளவில்லை. தீவுக்குப் போன் போட்டு அளக்கச் சொல்லலாம் என்றால் லைன் கிடைக்கவில்லை. பிரிண்ட் அடித்தவர் ஸ்கிரீனைக் கழுவி அடுத்த வேலைக்குக் கொடுத்துவிட்டார். அவள் கண்ணை மூடி, கையை விரித்து, "ஒரு சாண், நாலு விரல்" என்றாள். தைத்த கை சொல்கிறது என்று நானும் வெட்டினேன்.

கூரியரில் கேட்டோம். போர்ட் பிளேர் வரை சரி, அதைத் தாண்டினால் எப்போது சேரும் என்று சொல்ல முடியாது என்றார்கள். அப்போதுதான் அவளுக்குச் செம்பூர் மாமி ஞாபகம் வந்தது.

மத்திய அரசு வேலையில் இருப்பவர்களுக்கு அரசாங்கச் செலவில் ஊர் சுற்றிப் பார்க்க எல்.டி.சி. என்று ஒரு சலுகை உண்டு. செம்பூர் காலனிகளில் அந்தச் சலுகையில் அந்தமான் போகாத தமிழ்க் குடும்பத்தைப் பார்ப்பது கஷ்டம். மாமி பாலக்காட்டுக் குடும்பம். அவர் ரவிக்கைகளை என் மனைவிதான் வருஷக்கணக்காகத் தைக்கிறாள். அந்த வாரம் மாமாவும் மாமியும் அந்தமான் கிளம்ப இருந்தார்கள். கடற்கரையில் போடுவதற்கென்று வாழ்க்கையில் முதல் தடவையாக ஒரு சுடிதாரும் தைக்கக் கொடுத்திருந்தார் மாமி, மாமாவுக்குத் தெரியாமல்.

சுடிதாரை ஒரு பையிலும் பேட்சுகளை ஒரு பையிலும் எடுத்துக்கொண்டு சயானில் பஸ் பிடித்துச் செம்பூர் போனோம். மாமி காப்பி கொடுத்துக் கதையைக் கேட்டார். மாமா பேப்பரை மடக்கி வைத்தார்.

"நான் கவர்ன்மென்ட் சர்வென்ட். எலெக்‌ஷன் சாமானைக் கையாலயும் தொடப்படாது. கண்டக்ட் ரூல்ஸ்" என்றார்.

"நீங்க ஒண்ணும் தொட வேண்டாம். என் பொட்டியில, என் புடவைக்கு நடுவுல போகும்" என்றார் மாமி.

"உன் பொட்டிய யார் தூக்கறது?"

"அதுக்குத்தான் சக்கரம் இருக்கே."

மாமா பேப்பரை எடுத்துக்கொண்டு உள்ளே போய்விட்டார். என் மனைவி மாமியின் கையைப் பிடித்துக்கொண்டாள். "மாமி, எங்கண்ணன் ஏர்போர்ட்டுக்கு வந்து வாங்கிக்கிடுவாரு. உங்களுக்கு ஒரு சிரமமும் இல்ல" என்றாள். "சிரமம் என்னடி, உங்க ஊரை நான் பாக்கப்படாதோ?" என்றார் மாமி. அது சும்மா வாய்ப் பேச்சு என்று நாங்கள் நினைத்தோம்.

மாமி திரும்பி வந்ததும் நேரே பட்டறைக்கு வந்தார். முகம் கறுத்திருந்தது, தோல் உரிந்திருந்தது, சுடிதார் போட்டிருந்தார். பக்கத்துப் பெரிய தீவில் கடற்கரை பார்க்க எல்லாரையும் இறக்கிவிட்டார்களாம். பிரசாரத்தில் ஏர்போர்ட்டுக்கு வர முடியாத மச்சான் அங்கே டுங்கியோடு காத்திருந்திருக்கிறார். மாமி பையைக் கொடுப்பதற்குப் பதிலாகப் பையோடு டுங்கியில் ஏறிவிட்டார்.

"மாமா?" என்றாள் என் மனைவி.

"கரையிலேயே உக்காந்துண்டுட்டார், ரூல்ஸாம். ரெண்டு பேர் செருப்பையும் காவல் காத்துண்டிருந்தார்."

மாமி அங்கே போய்ப் பெண்களோடு உட்கார்ந்து தானும் பேட்ச் தைத்திருக்கிறார். என் மாமியார் இளநீர் வெட்டிக் கொடுத்து, மாமியின் சுடிதார்த் தையலைத் திருப்பிப் பார்த்து, "இது எம்மவ கை" என்றாராம். இதைக் கேட்டதும் என் மனைவி முகத்தைத் திருப்பிக்கொண்டு நூல் கோத்தாள். மெஷினில் ஏற்கெனவே நூல் இருந்தது.

"எல்லாம் சரிதான். ஆனா அளவுல ஒரு கோளாறு பண்ணிப்பிட்டேளே" என்று மாமி கைப்பையிலிருந்து ஒரு கொடியை எடுத்து மேஜையில் விரித்தார்.

கப்பலின் உடம்பு சரியாக மறைந்திருந்தது. தையல் மெஷின் நடுவில் கம்பீரமாக நின்றது. ஆனால் அதன் தலைக்கு மேலே நீலப் புகைபோக்கி முழுசாக எட்டிப் பார்த்தது. அதிலிருந்து மூன்று சுருள் புகை. ஒரு சாண் நாலு விரலில் அவள் புகைபோக்கியை மறந்துவிட்டாள்.

"ஊர்ல எல்லாரும் சிரிக்கறா. 'என்னய்யா, மிஷின் புகை விடறது'ங்கறா. உங்கண்ணா பாவம், தனக்கு ஓட்டே கேக்கலை. 'கப்பலுக்குப் போட்டுடாதீங்கோ, கப்பலுக்குப் போட்டுடாதீங்கோ'ன்னு வீடு வீடா சொல்லிண்டு போறார். அதுலயும் கப்பல்ங்கற பேர்தான் எல்லார் காதுலயும் விழறது" என்றார் மாமி.

மாமி நல்ல எண்ணத்தில்தான் சொன்னார். என் மனைவிக்கு அது முள்ளாகத் தைத்துவிட்டது. மறைக்க அனுப்பியதும் கப்பலைத்தான் காட்டுகிறது என்றால் என்ன செய்ய? ஓட்டுப்பதிவுக்கு நாலைந்து நாள்தான் இருந்தது. இனி எதுவும் செய்ய முடியாது. நான் சமாதானம் சொல்லப் போய், "விடு, புகை விடுற மெஷின் உலகத்துலயே உங்கண்ணன் ஒருத்தருக்குத்தான்" என்று கிண்டலாகச் சொல்லிவிட்டேன். இரண்டு நாள் எனக்குச் சாப்பாடு வந்தது, பேச்சு வரவில்லை.

அங்கே ஏப்ரலில் ஓட்டுப்பதிவு முடிந்தது. ஓட்டு மெஷினோடு வந்த அதிகாரிகளும் ஜெட்டி இல்லாமல் டுங்கியில்தான் இறங்கினார்களாம். ஒருவர் முழங்கால் வரை நனைந்து, "இங்க ஒரு ஜெட்டி போடக்கூடாதா?" என்று கேட்டிருக்கிறார். "அதுக்குத்தான் சார் நிக்கேன்" என்று சொல்ல வந்ததை மச்சான் விழுங்கிவிட்டார். பூத்துக்குப் பக்கத்தில் ஓட்டுக் கேட்கக்கூடாதே.

எங்களுக்கு ஓட்டு மே மாதம். எண்ணிக்கை எல்லாருக்கும் சேர்த்து ஜூனில். நடுவில் இருந்த நாட்களில் அவள் சரியாகத் தூங்கவில்லை. தைப்பாள், சமைப்பாள், திடீரென்று நிறுத்தி, "வாத்தியார் வீட்டு ஆச்சி எழுத்துக் கூட்டிப் படிக்கும். அது சரியாப் போட்டிருக்கும்" என்பாள். அந்த ஊர் நானூறு பேரும் அவள் தலைக்குள் வரிசையில் நின்று ஓட்டுப் போட்டுக்கொண்டிருந்தார்கள்.

எங்கள் ஓட்டுப்பதிவு அன்று மண்டையைப் பிளக்கிற வெயில். மாநகராட்சிப் பள்ளிக்கூடத்தில் நீண்ட வரிசை. நான் போட்டுவிட்டு வெளியே வந்து நின்றேன். அடுத்து அவள் உள்ளே போனாள். மறைப்புக்குப் பின்னால் போனவள் வரவே இல்லை. "காய் ஜாலா, மாவ்ஷி?", என்னம்மா ஆச்சு, என்று உள்ளே அதிகாரி குரல் கொடுப்பது வாசல் வரை கேட்டது. பிறகுதான் அந்த நீளச் சத்தம் வந்தது, அவள் வந்தாள். விரல் மையை ஊதிக்கொண்டே நடந்தாள்.

"என்ன, இவ்வளவு நேரம்?"

"கண்ணு நேரே கப்பலைத் தேடிச்சுங்க. இங்க எங்க கப்பல் இருக்கும்? எனக்குத் தெரியும். தெரிஞ்சும் மேலேருந்து கீழ தேடிட்டு நிக்கேன்" என்றாள். கொஞ்ச தூரம் போனதும் நின்றுவிட்டாள். "எனக்கே இப்படின்னா அங்க உள்ளவங்க என்ன செஞ்சிருப்பாவ?"

கரும்புச் சாறு வாங்கிக் கொடுத்தேன்.

எண்ணிக்கை நாளன்று பட்டறையில் டிவி வைத்தோம். நாடு முழுக்க ஓடும் எண்ணிக்கையில் அந்தத் தீவுகளுக்குத் திரையின் அடியில் ஒரு பொடி வரிதான். அதில் பெரிய கட்சிக்காரர் முன்னால் போய்க்கொண்டிருந்தார். என் மச்சானின் பெயர் டிவிக்குத் தெரியவே தெரியாது. அவள் மெஷினை மிதித்துக்கொண்டே போனைப் பார்த்தாள். ஒரு தலையணை உறைக்கு நாலு பக்கமும் தைத்து மூடிவிட்டாள். நான் அதை எடுத்து ஒளித்து வைத்தேன்.

மத்தியானம் போன் வந்தது. மச்சான் எண்ணும் மண்டபத்துக்கு வெளியே வந்து பேசினார். நான் ஸ்பீக்கரில் போட்டேன்.

"தோத்தாச்சு மாப்ள" என்றார், சந்தோஷமாக. "டெபாசிட்டும் காலி."

"பூத்து? நம்ம பூத்து?" என்று அவள் கத்தினாள்.

"நம்ம பூத்துல நான்தான் முதல்லட்டி! இருநூறைத் தாண்டிட்டேன். பெரிய கட்சியெல்லாம் எனக்குக் கீழதான். பக்கத்துல நின்னவன் கேட்டான், 'இது எந்த ஊரு'ன்னு. ரெண்டு தடவ சத்தமாச் சொன்னேன்."

பட்டறையில் எல்லாரும் கைதட்டினார்கள். நான் மேஜையைத் தட்டினேன். அவள் மட்டும் தட்டவில்லை.

"கப்பலுக்கு எவ்வளவு?" என்றாள்.

"அது எதுக்கு இப்ப?"

"சொல்லு."

"பதினொண்ணு."

அவள் விரல் விட ஆரம்பித்தாள். "மேலக்கரைப் பெரியப்பாவுக்குக் கண்ணாடி ஒடஞ்சி கெடக்கு, அவரு ஒண்ணு. வலைக்காரர் வீட்ல ரெண்டு கெழடு. கோழிக் கூண்டுல கொடி கட்டின அத்தை..." விரல் நின்றுவிட்டது. "எல்லாம் நான் தைச்ச கொடியைப் பாத்துப் போட்டவங்க. உனக்குன்னு போனவங்களை நான் எவனுக்கோ போட வச்சிட்டேன்" என்று அழத் தொடங்கினாள். அத்தனை நாள் அடக்கி வைத்த அழுகை. ஜெயித்த பூத்துக்காக அழுகிற ஒரே ஆள் இந்தியாவிலேயே என் மனைவிதான் என்று வாய் வரை வந்தது. முந்தைய அனுபவத்தில் மூடிக்கொண்டேன்.

அந்தப் பக்கம் காற்று கேட்டது.

"ஏட்டி, அழாத. அவங்களை எல்லாம் சொல்லாத. பத்துன்னு வச்சுக்கோ" என்றார் மச்சான்.

"ஏன்?"

"ஒண்ணு என்னோடது."

அவளுக்குப் புரியவில்லை. எனக்கும்தான்.

"உள்ள போனேன்ட்டி. ஒரு மாசமா வாயில கப்பலு, தூக்கத்துல கப்பலு. மெஷின்ல பாத்தா நம்ம கப்பலு அம்சமா நிக்கி. கையி தானாப் போயிட்டு. அமுக்கினப் பொறவு, பக்கத்துல கண்ணாடிக்குள்ள சீட்டு விழுந்திச்சு பாரு, அதுல கப்பல். அப்பதான் அடப்பாவின்னு இருந்திச்சு. வெளிய சொல்ல முடியுமா? வேட்பாளரே மாத்திக் குத்திட்டான்னா ஊரு சிரிக்காது?"

அவள் அழுகை பாதியில் நின்றது. பிறகு சிரிக்க ஆரம்பித்தாள். மேஜையைப் பிடித்துக்கொண்டு, மூச்சு முட்ட, கண்ணிலிருந்து தண்ணீர் வழிய வழியச் சிரித்தாள். "மடையா! ஒனக்கு நீயே போடலயா? ஊரெல்லாம் போயிச் சொன்னியே, கப்பலுக்குப் போடாதீங்கன்னு!" என்று போனைப் பார்த்துத் திட்டினாள். பட்டறையில் இருந்த எல்லாருக்கும் ஹிந்தியில் ஒரு முறை சொல்லிச் சிரித்தாள். மாமிக்குப் போன் போட்டுச் சொல்லிச் சிரித்தாள். பல நாளைக்கு அப்புறம் அன்றைக்கு அவள் தட்டு நிறையச் சாப்பிட்டாள்.

எனக்கு மட்டும் ஒன்று உறுத்திக்கொண்டே இருந்தது. ஒரு கிலோ சீனியை இரண்டு தடவை நிறுக்கிற மனிதர். முடிச்சை மூன்று தடவை இழுத்துப் பார்க்கிறவர். கண்ணாடியைத் துடைக்காமல் எதையும் தொடாதவர். அவரா தன் ஓட்டை மாற்றிப் போட்டார்? சாயங்காலம் தெருவுக்கு வந்து தனியாக அவருக்குப் போன் செய்தேன்.

"மச்சான், நெசமாவே கப்பலுக்கா போட்டீங்க?"

அவர் கொஞ்சம் சிரித்தார்.

"ஓட்டுங்கது ரகசியம்லா மாப்ள" என்றார். பிறகு, "அவ சாப்பிட்டாளா?" என்று கேட்டார்.